கருவாடு போடுவது எப்படி? பச்சை மீனிலிருந்து சாக்கு கட்டும் வரை

விற்காமல் மிஞ்சின மீன், லேசாக வாடை அடிக்க ஆரம்பித்த மீன், இதையெல்லாம்தான் உப்பில் தள்ளிக் கருவாடாக்குகிறார்கள் என்று நிறையப் பேர் நினைக்கிறார்கள். அப்படிச் செய்கிறவர்களும் உண்டு, கருவாட்டுக்குக் கெட்ட பேர் வந்ததே அவர்களால்தான். ஆனால் பாம்பன், மண்டபம், தூத்துக்குடிக் கரைகளில் தலைமுறையாகக் கருவாடு போடுகிற பெண்கள் யாரும் மெத்துப்போன மீனைத் தொட மாட்டார்கள். மீன் எந்த நிலையில் இருக்கிறதோ அந்த நிலையில் அதைப் பிடித்து நிறுத்துவதுதான் உப்பின் வேலையும் வெயிலின் வேலையும். கெட்டுப்போனதை நல்லதாக்க இரண்டாலும் முடியாது. இந்த ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால் கீழே சொல்கிற பாதி விஷயம் தானாகவே விளங்கிவிடும்.

வீட்டுத் தேவைக்கு ஐந்து, பத்து கிலோ போட நினைக்கிறவர்களுக்கும், சின்ன அளவில் விற்கலாம் என்று இருப்பவர்களுக்கும் சேர்த்தே எழுதுகிறேன். அளவுதான் மாறும், முறை ஒன்றுதான்.

எப்போது போடலாம்

வெயில் மட்டும் போதாது, காற்று வேண்டும். கச்சான் அடிக்கிற மாதங்களில், அதாவது தென்மேற்குப் பருவத்தில், ராமநாதபுரம், தூத்துக்குடிப் பக்கம் மழை ரொம்பக் குறைவு, நிலத்துப் பக்கமிருந்து வறண்ட காற்று விடாமல் வீசும், காலையில் போட்ட நெத்திலி சாயங்காலத்துக்குள் சலசலக்க ஆரம்பித்துவிடும். அதுவே கொண்டல், அதாவது கிழக்குக் காற்று, திரும்பிவிட்டால் காற்றே கடல் ஈரத்தோடு வரும், வெயில் சுள்ளென்று இருந்தாலும் மீன் பிசுபிசுப்பாகவே கிடக்கும். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் புதிதாக எதையும் ஆரம்பிக்காதீர்கள். திடீரென்று மழை பிடித்துக்கொண்டால், உப்பில் ஊறுகிற மீனைக் காயப்போட அவசரப்படாமல் உப்புநீருக்குள்ளேயே அமுக்கி வைத்திருந்தால் சில நாள் தாங்கும்.

இன்னொன்றையும் கணக்கில் எடுங்கள். கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். அந்த நேரத்தில் நாட்டுப்படகு மீன்தான் கரைக்கு வரும், பச்சை மீன் விலை ஏறும், கூடவே கருவாடு விலையும் ஏறும். அதனால் விவரம் தெரிந்தவர்கள் மாசி, பங்குனியிலேயே போட்டுக் கிட்டங்கியில் (சரக்கு அறையில்) அடுக்கிவிடுவார்கள்.

எந்த மீன்

எண்ணெய் குறைந்த மீன்தான் கருவாட்டுக்குத் தோது. நெத்திலி, வாளை, பன்னா, காரல், திருக்கை, சுறா எல்லாம் இதில் சேர்த்தி. மத்தி (சாளை), கானாங்கெளுத்தி இரண்டும் கொழுப்பு மீன். அவற்றையும் போடலாம், ருசியும் தனிதான், ஆனால் கொழுப்பு காற்றுப் பட்டு மஞ்சளாகி ஒரு சிக்கு வாடை வந்துவிடும், அதனால் இரண்டு மூன்று மாதத்துக்குள் தீர்த்துவிட வேண்டும். வஞ்சிரம், கட்டா, பாறை மாதிரிப் பெரிய மீன் போடுவது காசும் பொறுமையும் கேட்கிற வேலை. முதல் தடவை போடுகிறவர்கள் நெத்திலியிலோ பன்னாவிலோ ஆரம்பியுங்கள்.

வாங்கும்போது கண்ணைப் பாருங்கள், உப்பலாகவும் தெளிவாகவும் இருக்க வேண்டும். செவுளைத் தூக்கிப் பார்த்தால் ரத்தச் சிவப்பு. வயிற்றை விரலால் அமுக்கினால் பள்ளம் விழாமல் திரும்பி வர வேண்டும். மத்தி, நெத்திலி மாதிரிச் சின்ன மீனில் வயிறு கிழிந்து குடல் எட்டிப் பார்த்தால் அந்தக் கூடையை விட்டுவிடுங்கள், விலை எவ்வளவு குறைத்துச் சொன்னாலும் சரி. சூரை, கானாங்கெளுத்தி, மத்தி இந்த மூன்றிலும் இன்னொரு ஆபத்து இருக்கிறது. ஐஸ் இல்லாமல் வெயிலில் கிடந்தால் அவற்றின் சதையில் ஹிஸ்டமின் என்கிற பொருள் உண்டாகும். முகம் சிவந்து, அரிப்பு, தலைவலி, வாந்தி என்று ஆளைப் படுத்திவிடும். அப்புறம் நீங்கள் உப்புப் போட்டாலும், காயவைத்தாலும், எண்ணெயில் பொரித்தாலும் அது போகாது. அதனால் மீன் வாங்கினதிலிருந்து உப்பில் இறக்கும் வரை ஐஸ் இருக்க வேண்டும், ஐஸ் இல்லையென்றால் அன்றைக்குக் கருவாடு வேண்டாம்.

கழுவி அறுப்பது

சின்ன நெத்திலி, காரல்பொடி, சென்னாக்குன்னி (பொடி இறால்) இவற்றை அறுக்க வேண்டியதில்லை. கடல்தண்ணீரிலோ உப்புத் தண்ணீரிலோ இரண்டு மூன்று தடவை அலசி, குப்பை, பாசி, சிப்பித் துண்டு பொறுக்கிவிட்டு நீர் வடியவிட்டால் போதும். வலை இழுத்த கரையோரக் கலங்கல் தண்ணீரில் கழுவாதீர்கள், மணலும் அழுக்கும் அதிலிருந்துதான் ஒட்டிக்கொண்டு வரும். பெரிய நெத்திலி என்றால் கட்டைவிரலால் தலையைக் கிள்ளி இழுத்தாலே குடலும் சேர்ந்து வந்துவிடும், கத்தி தேவையில்லை.

நடுத்தர மீனுக்குச் செதிள் எடுத்து, செவுள், குடல் நீக்கி, வயிற்றுப் பக்கமோ முதுகுப் பக்கமோ பிளக்க வேண்டும். முதுகுப் பக்கம் பிளந்தால் மீன் புத்தகம் மாதிரி விரியும், உப்பு ஒரே சீராக ஏறும். இங்கே பலர் விட்டுவிடுகிற இடம் ஒன்று இருக்கிறது. வயிற்றுக்குள் முள்ளந்தண்டை ஒட்டி ஒரு கறுப்பு ரத்தக்கட்டி நீளமாக ஓடும், வயிற்றுச் சுவரில் ஒரு கறுப்புத் தோல் இருக்கும். இரண்டையும் கத்தி முனையால் சுரண்டி, ஒரு பழைய பிரஷ்ஷால் தேய்த்துக் கழுவி எடுங்கள். கருவாடு கெட ஆரம்பிப்பது பெரும்பாலும் அந்த இடத்திலிருந்துதான்.

பெரிய மீனில் சதை தடிமனான இடத்தில், தோல் அறுபடாமல், விரல்கடை அகலத்துக்கு ஒன்றாக நீளக் கீறல் போட வேண்டும். இந்தக் கீறல் இல்லாவிட்டால் மேலே உப்புக் கரிக்கும், உள்ளே சதை அழுகும்.

சுறாவும் திருக்கையும் வேறு மாதிரி. அவற்றின் உடம்பிலேயே யூரியா நிறைய உண்டு, அதுதான் பிறகு அம்மோனியாவாக மாறிக் கண்ணைக் கரிக்கும் வாடை அடிக்கும். பிடித்த உடனே ரத்தம் வடியவிட்டு, பட்டை பட்டையாக அறுத்து, தண்ணீரை மாற்றி மாற்றி அலசினால் அந்த வாடை நன்றாகக் குறையும். சுறா காயவைப்பது புதிய வேலை இல்லை, அறுத்துக் காயப்போட்ட சுறாவைக் காத்துப் பறவை ஓட்டுகிற பரதவர் மகள் சங்கப் பாட்டிலேயே வருகிறாள். ஆனால் இன்றைக்குச் சுறா, திருக்கையில் சில இனங்கள் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் இருக்கின்றன, எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது என்று மீன்வளத் துறையில் கேட்டுக்கொண்டு வாங்குங்கள். கடல் அட்டை பக்கமே போகாதீர்கள். அதை அவித்துக் காயவைக்கும் தொழில் மன்னார் வளைகுடாப் பக்கம் ஒரு காலத்தில் பெரிதாக நடந்தது, 2001 முதல் சட்டப்படி தடை.

உப்பு

கருவாடு நன்றாக வருகிறதா இல்லையா என்பதை முடிவு செய்கிற இடம் இது, அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

உப்பளத்திலிருந்து அப்போதே வாரின உப்பு ஈரமாகவும் லேசான கசப்போடும் இருக்கும். அதிலுள்ள மக்னீசியம் அந்தக் கசப்பைக் கருவாட்டுக்கும் கொடுக்கும், காற்றிலிருக்கும் ஈரத்தை இழுத்துக் கருவாட்டைக் கசியவும் வைக்கும். அம்பாரமாகக் குவித்து சில மாதம் கிடந்த உப்பில் அந்தக் கசப்பு நீர் வடிந்து போயிருக்கும், அதைக் கேட்டு வாங்குங்கள். வெள்ளையாக, கையில் ஒட்டாமல், மண் இல்லாமல் இருக்க வேண்டும். மிகவும் நைசான தூள் உப்பு வேண்டாம், அது மேல்சதையின் நீரை மட்டும் வேகமாக இழுத்து அதை இறுக்கிவிடும், அப்புறம் உள்ளே உப்பு இறங்காது. முழுக் கல்லுப்பும் சின்ன மீனுக்குச் சரிப்படாது, சரியாக ஒட்டாது. கல்லுப்பை ஒன்றிரண்டாக நொறுக்கிக்கொள்வதுதான் நல்லது. ஒரு தடவை மீன் ஊறின உப்பை மறுபடி பயன்படுத்தவே கூடாது, மிச்சம் பிடிக்கப் போய் மொத்தக் கருவாடும் போய்விடும்.

அளவு: சுத்தம் செய்த பிறகு எடை போட்டுக்கொள்ளுங்கள். சின்ன மீன் 10 கிலோவுக்கு உப்பு 1 முதல் 1¼ கிலோ. நடுத்தர மீன் 10 கிலோவுக்கு 2 கிலோ. பெரிய மீன், தடித்த துண்டு என்றால் 2½ முதல் 3 கிலோ வரை போகலாம். வெயில் நன்றாக அடிக்கிற நாளில் நெத்திலியை உப்பே இல்லாமல் காயவைப்பதும் உண்டு, சென்னாக்குன்னியும் அப்படித்தான், ஆனால் அன்றைக்கே பெரும்பகுதி காய்ந்துவிட வேண்டும்.

பாத்திரம் சிமென்ட் தொட்டி, மண்பானை, சாப்பாட்டுக்கு உகந்த பிளாஸ்டிக் டிரம், இதில் எதுவானாலும் சரி. இரும்பு, அலுமினியம் வேண்டாம். அடியில் ஒரு விரல் உயரத்துக்கு உப்பைப் பரப்புங்கள். ஒவ்வொரு மீனாக எடுத்து உள்ளங்கையில் உப்பு வைத்து வால் பக்கமிருந்து தலை நோக்கித் தேயுங்கள், செவுள் இருந்த குழியிலும் வயிற்றிலும் கீறலுக்குள்ளும் உப்பைத் திணியுங்கள், அப்புறம் தோல் கீழே, சதை மேலே இருக்கும்படி அடுக்குங்கள். ஒரு அடுக்கு மீன், ஒரு கை உப்பு, மறுபடி மீன். மேல் அடுக்குகளுக்கு உப்பைக் கொஞ்சம் கூட்டிப் போடுங்கள், ஏனென்றால் கரைகிற உப்பு கீழேதான் இறங்கும். கடைசி அடுக்கை மட்டும் தோல் மேலே வரும்படி வைத்து, உப்பால் முழுக்க மூடி, மேலே ஒரு பலகை, அதன்மேல் கழுவின கருங்கல்.

சில மணி நேரத்தில் மீனிலிருந்தே நீர் விட்டு உப்புநீர் ஊறி மேலே வரும், மீன் அதற்குள் முழுகியே இருக்க வேண்டும். நீர் போதவில்லை என்றால் ஒரு லிட்டர் தண்ணீருக்கு 360 கிராம் கணக்கில் உப்பைக் கரைத்து ஊற்றுங்கள். அதற்கு மேல் தண்ணீர் உப்பை வாங்காது, அடியில் கொஞ்சம் கரையாமல் கிடந்தால் அளவு சரி. சின்ன மீனுக்கு ஒரு ராத்திரி, நடுத்தரத்துக்கு ஒரு நாள், பெரிய மீனுக்கு இரண்டு மூன்று நாள். சதை விறைத்து, கண்ணாடி மாதிரி இருந்த நிறம் மங்கி, தடிமனான இடத்தில் அமுக்கினால் ரப்பர் போல எதிர்த்தால் உப்பு உள்ளே இறங்கிவிட்டது. ஒன்றை வெட்டிப் பார்த்து முள்ளோரம் பச்சை ரத்தம் தெரிந்தால் இன்னும் ஒரு நாள் விடுங்கள்.

உப்புக்கு எவ்வளவு மதிப்பு என்பதற்கு ஒரு பழைய கதை உண்டு. வெள்ளைக்காரன் காலத்தில் உப்புக்கு வரி. அந்த விலைக்கு உப்பு வாங்கிக் கருவாடு போடக் கடற்கரை மக்களுக்குக் கட்டுப்படியாகவில்லை. அதனால் 19-ம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மதராஸ் மாகாண அரசே கரையோரம் மீன் உப்பிடும் முற்றங்களை வேலி போட்டு அமைத்து, அதற்குள் வைத்து உப்பிடுவதற்கு மட்டும் வரியில்லாத உப்பைக் கொடுத்தது.

குழி போடுவது, ஜாடி போடுவது

தென் மாவட்டக் கரைகளில் குழிக் கருவாடு என்று ஒரு முறை இருக்கிறது. உப்போடு கொஞ்சம் மஞ்சள்தூள் கலந்து மீனில் தடவி, பனை ஓலைப் பாயில் சுற்றி, கடற்கரை மணலில் குழி வெட்டி இறக்கி, மேலே மணலை மூடி, இரண்டு மூன்று நாள் கழித்து எடுப்பார்கள். மேல்மணலின் பாரத்தில் நீர் வடிந்து மணலுக்குள் போய்விடும். காயவைக்காமல் அப்படியே ஈரத்தோடு விற்பது வழக்கம், சதை மிருதுவாக, தனி மணத்தோடு இருக்கும். ஈரம் இருப்பதால் ரொம்ப நாள் தாங்காது, இரண்டு மூன்று வாரத்துக்குள் சமைத்துவிடுங்கள்.

இலங்கையில் ஜாடி என்பார்கள். குடல் எடுத்த மீனை உப்போடும் கொறுக்காய்ப் புளியோடும் (குடம்புளி வகை) அடுக்கி, ஊறின நீரிலேயே மூடி வைப்பது. புளிப்பும் உப்பும் சேர்ந்து காப்பதால் கானாங்கெளுத்தி மாதிரிக் கொழுப்பு மீனுக்கு இது மிகவும் பொருத்தம். இந்தியக் கரைகளிலிருந்தும் மரப்பீப்பாய்களில் இப்படிப் போட்டுக் கொழும்புக்குக் கப்பல் ஏற்றியிருக்கிறார்கள்.

காயவைப்பது

உப்பிலிருந்து எடுத்த மீனைச் சுத்தமான உப்புத் தண்ணீரில் ஒரு முக்கு முக்கி, மேலே ஒட்டின உப்புக் கட்டியைத் தட்டிவிட்டு, சாய்த்து வைத்து நீர் வடியவிடுங்கள். அதற்குப் பிறகுதான் வெயில்.

மணலில் நேரடியாகப் போடாதீர்கள். இன்னும் பல கரைகளில் போடுகிறார்கள்தான். வாயில் நறநறவென்று மணல் கடிபடுவதும், அடிப்பக்கம் காயாமல் நொந்து போவதும், நாயும் காக்கையும் மிதிப்பதும் எல்லாம் அதனால்தான். சவுக்குக் கம்பு நட்டு, இடுப்பு உயரத்தில் பழைய வலையை இழுத்துக் கட்டினால் பரண் தயார். கீழேயும் மேலேயும் காற்று ஓடும், ஒரே வெயிலில் கிட்டத்தட்ட இரண்டு பங்கு வேலை நடக்கும். வீட்டு மொட்டை மாடியில் என்றால் நாலு செங்கல்மேல் கம்பி வலைச் சட்டம் வைத்து மேலே கொசுவலை போர்த்திவிடுங்கள். வாளை மீனை வாலில் கட்டிக் கயிற்றில் தொங்கவிடலாம்.

முதல் நாள் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை புரட்டிப் போடுங்கள், முதலில் சதைப்பக்கம் மேலே. பெரிய மீனை உச்சி வெயிலில் முழுக்க விடாதீர்கள். மேல்சதை வேகமாக இறுகி ஓடு கட்டிவிட்டால் உள்ளே இருக்கிற ஈரம் வெளியே வர வழியில்லை, பார்க்கப் பிரமாதமாகக் காய்ந்த மாதிரி இருக்கும், பத்து நாளில் நடுவில் அழுகல் வாடை வரும். 50 டிகிரிக்கு மேல் சூடு ஏறினால் மீன் காய்வதற்குப் பதிலாக வேகவும் ஆரம்பித்துவிடும். அதனால் பன்னிரண்டு மணியிலிருந்து இரண்டு மணி வரை பெரிய துண்டுகளுக்கு மேலே ஓலையைப் போட்டு நிழல் கொடுங்கள், காற்று மட்டும் படட்டும்.

சாயங்காலம் பனி இறங்குவதற்கு முன்னால் எடுத்து, ஒன்றன்மேல் ஒன்றாக நெருக்கி அடுக்கி, சாக்கைப் போர்த்தி, மேலே பாரம் வையுங்கள். ராத்திரியில் உள் ஈரம் மெல்ல மேலே பரவும், மறுநாள் வெயில் அதை எடுத்துக்கொள்ளும். இந்த அடுக்கு வேலையை அலுப்புப் பார்க்காமல் செய்வதில்தான் வாடியில், அதாவது கருவாடு போடுகிற இடத்தில், வேலை செய்கிற பெண்களின் கைப்பக்குவம் இருக்கிறது. காலை ஐந்து மணிக்கு ஏலத்தில் மீன் எடுப்பதில் ஆரம்பித்து, இந்த அடுக்கு முடியும் வரை அவர்கள் உட்காருவதே இல்லை. கருவாட்டு விலையில் பேரம் பேசும்போது அதை நினைத்துக்கொள்ளுங்கள்.

நெத்திலிக்கு ஒன்றிலிருந்து இரண்டு நாள், நடுத்தர மீனுக்கு மூன்று நாள், பெரியதற்கு ஐந்து நாளுக்கு மேலும் ஆகும். காய்ந்தது போதுமா என்று பார்க்க, நெத்திலியை வளைத்தால் ‘டக்’ என்று ஒடிய வேண்டும், பெரிய மீனின் தடித்த இடத்தில் கட்டைவிரலை ஊன்றினால் பள்ளம் விழக்கூடாது. கொச்சியில் இருக்கிற மத்திய மீன் தொழில்நுட்ப நிறுவனம் வடிவமைத்த சூரிய உலர்த்திகளும் இப்போது வந்துவிட்டன, மழை, ஈ, தூசி மூன்றுக்கும் கவலையில்லை. தனியாக வாங்குவது கஷ்டமாக இருந்தால் சுய உதவிக் குழுவாகச் சேர்ந்து கேளுங்கள்.

ஈ மொய்ப்பது முதல் நாள் ஈரத்தில்தான். உப்புச் சரியாக ஏறியிருந்தால் பாதித் தொல்லை தீரும், மீதிக்குக் கொசுவலை போதும், கழித்த குடலை அங்கேயே போடாமல் புதைத்துவிடுங்கள். பூச்சி மருந்தைக் கருவாட்டின்மேல் அடிப்பது சாப்பிடுகிறவனுக்கு விஷம் கொடுப்பதுதான். எவ்வளவு நஷ்டம் வந்தாலும் அந்தப் பக்கம் போகாதீர்கள்.

மாசி பற்றி ஒரு வார்த்தை

சூரை மீனில் மாசிக் கருவாடு செய்கிறார்கள், லட்சத்தீவிலும் மாலத்தீவிலும் பெரிய அளவில். நீளவாக்கில் நாலாக அறுத்து, உப்புநீரில் அவித்து, தேங்காய் மட்டைப் புகையில் வாட்டி, அப்புறம் பல நாள் வெயிலில் கட்டையாக இறுகும் வரை காயவைப்பது. அவிப்பும் புகையும் சேர்வதால் ரொம்பக் காலம் கெடாது. வீட்டில் முயற்சி செய்கிறவர்கள் கறுப்புச் சதையை அறவே நீக்கிவிடுங்கள்.

கட்டி வைப்பது, விற்பது

சூடு முழுக்க ஆறின பிறகே கட்ட வேண்டும், வெயிலில் இருந்து எடுத்த சூட்டோடு பையில் போட்டால் உள்ளே வியர்த்துவிடும். மொத்தமாக என்றால் ஓலைப்பாய் சுற்றி மேலே சாக்கு, தரையில் படாமல் மரச்சட்டத்தின்மேல். வீட்டுக்கு என்றால் இறுக்கமான மூடி போட்ட கண்ணாடி ஜாடி அல்லது டப்பா, ஈரமான மாதங்களில் பிரிட்ஜ். மாதம் ஒரு தடவை வெளியே எடுத்து ஒரு காலை வெயில் காட்டுங்கள்.

கணக்கு தெரிந்தால் ஏமாற மாட்டீர்கள். பச்சை நெத்திலி நாலு முதல் ஐந்து கிலோ போட்டால்தான் ஒரு கிலோ கருவாடு நிற்கும். உதாரணத்துக்குப் பச்சை மீன் கிலோ 150 ரூபாய் என்றால் மீன் செலவே 600 முதல் 750 ரூபாய், உப்பும் கூலியும் வண்டி வாடகையும் அதற்கு மேல். அந்த நாளில் ஒருவர் 400 ரூபாய்க்கு ‘முதல் தரம்’ என்று நீட்டினால், ஒன்று உள்ளே ஈரமும் உப்பும் எடையாக நிற்கிறது, இல்லை மீன் மட்டமானது. பாக்கெட் போட்டு விற்க நினைத்தால் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு எடுத்து, போட்ட தேதியை ஒட்டிக் கொடுங்கள். கடலூர் காராமணிக்குப்பம் மாதிரிச் சந்தைகளில் பொங்கலை ஒட்டிக் கருவாடு வாங்கக் கூட்டம் அலைமோதும், உங்கள் சரக்கை அந்த நேரத்துக்குத் தயாராக வைத்துக்கொண்டால் விற்பது சுலபம்.

கடைசியாக, வைத்திருக்கும் கருவாட்டில் என்ன பார்க்க வேண்டும்? லேசாக நமத்திருந்தால் மறுபடி வெயிலில் போட்டால் சரியாகிவிடும். சின்னக் கறுப்பு வண்டும் மயிர் முளைத்த புழுவும் வந்திருந்தால், பக்கத்துச் சாக்குகளுக்குப் பரவும் முன் அந்தச் சாக்கை உடனே பிரித்து வெளியே கொண்டுபோங்கள். மேலே சிவப்பாக, தொட்டால் வழவழவென்று இருந்தால் அது உப்பளத்து நீரைச் சிவப்பாக்குகிற அதே ரகக் கிருமி, உப்பு வழியாக வந்தது, ஆரம்பத்திலேயே பார்த்தால் உப்புநீரில் தேய்த்துக் கழுவிக் காயவைக்கலாம், சதை பொலபொலவென்று உதிர ஆரம்பித்திருந்தால் முடிந்தது. பூஞ்சை ஏறினதையும், மூக்கில் குத்துகிற அழுகல் வாடை வந்ததையும் கழுவி மறுபடி காயவைத்து விற்காதீர்கள், வீட்டிலும் சமைக்காதீர்கள், தென்னை மரத்தடியில் குழி வெட்டிப் புதைத்துவிடுங்கள், மரத்துக்கு உரமாகட்டும்.